அப்பாவுக்கு மாத்திரை கொடுத்த காலம்

எங்கள் வீட்டில் மூன்று பேரும் ஒரே நேரத்தில் முழுசாக விழித்திருப்பது ஞாயிற்றுக்கிழமை பகலில் மட்டும்தான். மற்ற நாட்களில் யாராவது ஒருவர் தூங்கிக்கொண்டிருப்போம், இல்லையென்றால் தூக்கக் கலக்கத்தோடு எங்காவது போய்க்கொண்டிருப்போம். அம்மாவுக்குச் சிங்கப்பூரில் தொழிற்சாலை வேலை. எல்லைப் பாலத்தில் நெரிசல் சேருமுன் கடந்துவிட வேண்டும் என்று கோழி கூவுமுன்பே மோட்டார் சைக்கிளில் கிளம்பிவிடுவார். அப்பா பாசிர் கூடாங்கில் இருந்த ஒரு தொழிற்சாலைக்கு ஆள் ஏற்றிப்போகும் பஸ்ஸின் ஓட்டுநர். அவரும் அதே நேரத்துக்கு எங்கள் ஊரான தம்போயிலிருந்து கிளம்பி, பெர்மாஸ் ஜெயா வழியாக நிறுத்தி நிறுத்தி ஆட்களை ஏற்றிக்கொண்டு போய் இறக்கிவிட்டு, எட்டரை மணிக்கு வீடு திரும்புவார். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு அடுத்த ஷிப்ட் ஆட்களை ஏற்ற மறுபடியும் கிளம்புவார். எனக்கு மதியப் பள்ளி. ஆகவே காலை எட்டரையிலிருந்து பன்னிரண்டு வரை வீட்டில் அப்பாவும் நானும்தான்.

அப்பாவுக்குச் சர்க்கரையும் ரத்தக் கொதிப்பும் இருந்தன. எனக்குப் பத்து வயதானபோது அம்மா அவருடைய மருந்துப் பொறுப்பை என்னிடம் ஒப்படைத்தார். அதற்கு ஒரு காரணம் இருந்தது. சாஆ என்ற ஊரில் இருந்த என் மாமா, அதாவது அம்மாவின் அண்ணன், கிளினிக்கில் கொடுத்த மாத்திரைகளையெல்லாம் பிஸ்கட் டின்னில் சேர்த்து வைத்துவிட்டுச் செத்துப்போனார். சிறுநீரகம் கெட்டுப்போய், வாரத்துக்கு மூன்று நாள் ரத்தம் சுத்திகரித்து, கடைசியில் அதுவும் பலிக்கவில்லை. காரியம் முடிந்து வீட்டைக் கூட்டும்போது அம்மாதான் அந்த டின்னைத் திறந்து பார்த்தார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் மாத்திரை என்பது சாமி காரியம் மாதிரி ஆகிவிட்டது.

சமையலறைச் சுவரில் சீனர் மளிகைக் கடையில் கொடுத்த நாள்காட்டி தொங்கியது. அப்பா மாத்திரை போட்டதும் அந்தத் தேதியில் நான் சிவப்புப் பேனாவால் ஒரு சரி போட வேண்டும். சாப்பாட்டுக்கு முன் சர்க்கரைக்கு ஒன்று. சாப்பிட்ட பின் கொதிப்புக்கு ஒன்று, நீர் பிரிவதற்கு ஒன்று. அம்மா வேலைக்குக் கிளம்புமுன் மூன்றையும் ஒரு சிறிய தட்டில் எடுத்து வைத்துவிட்டுப் போவார். மறந்துவிட்டார் என்று ஒருநாளும் நடந்ததில்லை. அப்பாவிடம் அவர் பேச மறந்த நாட்கள் உண்டு, தட்டு வைக்க மறந்த நாள் கிடையாது.

முதல் வாரம் நான் மிகவும் கண்டிப்பாக இருந்தேன். பிறகு எட்டரை மணிக்குத் தொலைக்காட்சியில் எனக்குப் பிடித்த கார்ட்டூன் வர ஆரம்பித்தது. அப்பா தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு, "போட்டுட்டேன் பாப்பா" என்பார். நான் திரும்பிப் பார்க்காமலே தலையாட்டுவேன். விளம்பர நேரத்தில் எழுந்து போய்ச் சரி போடுவேன். சில சமயம் வரிசை அழகாக இருக்கட்டும் என்று வரப்போகும் இரண்டு மூன்று நாட்களுக்கும் சேர்த்தே போட்டதுண்டு. பள்ளியில் ஆசிரியர் திருத்திய கணக்கு நோட்டில்கூட அவ்வளவு சரிகள் எனக்கு விழுந்ததில்லை.

மூன்று மாதம் கழித்து அரசாங்க கிளினிக்கில் அப்பாவுக்குப் பார்க்கும் நாள் வந்தது. பள்ளி விடுமுறை என்பதால் நானும் நாள்காட்டியைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போனேன். ரத்தப் பரிசோதனைத் தாளைப் பார்த்து டாக்டரின் முகம் சுருங்கியது. மருந்தை ஒழுங்காகச் சாப்பிடுகிறீர்களா என்று மலாயில் கேட்டார். அப்பா பதில் சொல்வதற்குள் நான் நாள்காட்டியை மேசைமேல் விரித்துவிட்டேன். டாக்டர் தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தார். நல்ல பிள்ளை என்று என்னைப் பாராட்டினார். பிறகு, இவ்வளவு ஒழுங்காகச் சாப்பிட்டும் சர்க்கரை குறையவில்லை என்றால் மருந்து போதவில்லை என்று சொல்லி, ஒன்றாக இருந்த சர்க்கரை மாத்திரையை இரண்டாக்கினார்.

அப்பா என்னைப் பார்த்தார், நாள்காட்டியைப் பார்த்தார். "தெரிமா காசே, டாக்டர்" என்று மலாயில் நன்றி சொல்லிவிட்டு எழுந்துகொண்டார்.

அதற்கு அடுத்த வாரம் துணி துவைக்கும்போதுதான் நான் கண்டுபிடித்தேன். துணியை இயந்திரத்தில் போடுமுன் பைகளைச் சோதிப்பது என் வேலை. டிஷ்யூ கிடந்தால் எல்லாத் துணியிலும் பஞ்சு ஒட்டிக்கொள்ளும். அப்பாவின் நீலச் சீருடைச் சட்டைப்பையில் கையை விட்டபோது விரலெல்லாம் வெள்ளை மாவாக வந்தது. உள்ளே நான்கைந்து மாத்திரைகள் வியர்வையில் ஊறி நசுங்கிக் கிடந்தன. அவற்றோடு ஆறு மிட்டாய்கள் இருந்தன.

எனக்கு வந்த ஆத்திரத்தை இன்றும் மறக்க முடியவில்லை. மாத்திரையைப் போடாதது ஒரு குற்றம், சர்க்கரை வியாதியை வைத்துக்கொண்டு திருட்டுத்தனமாக மிட்டாய் தின்பது அதைவிடப் பெரிய குற்றம். அம்மாவிடம் சொல்லலாமா என்று யோசித்தேன். சொன்னால் என்னுடைய சரிகள் எல்லாம் தப்பு என்று ஆகிவிடும். அதுமட்டுமல்ல, அம்மா வீடு திரும்பும்போது தலைக்கவசத்தைக் கழற்றக்கூடத் தெம்பில்லாமல் அப்படியே நாற்காலியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருப்பார். அந்த முகத்திடம் போய் மாமாவின் பிஸ்கட் டின்னை யார் நினைவுபடுத்துவது? ஆகவே அப்பாவை நானே திருத்துவது என்று முடிவு செய்தேன். முதல் வேலையாக, அவரைக் காப்பாற்றுவதற்காக, அந்த ஆறு மிட்டாய்களையும் நானே தின்று தீர்த்தேன்.

மறுநாள் காலை அப்பா வந்து உட்கார்ந்ததும், நசுங்கிய மாத்திரைகளை ஒரு காகிதத்தில் வைத்து அவர்முன் நீட்டினேன். அவர் திட்டவில்லை. கண்ணை மூடி முகத்தை இரண்டு கையாலும் தேய்த்துக்கொண்டார்.

"வண்டி ஓட்டுறப்ப அது எனக்குச் சரியா வரல பாப்பா" என்றார்.

வீட்டுப்பாடம் செய்யாத அன்று நான் சொல்லும் காரணங்கள் எனக்குத் தெரியும். இதுவும் அந்த வகைதான் என்று நினைத்தேன்.

"மாமாவும் இப்படித்தான் சொன்னாராம்" என்றேன். மாமா என்ன சொன்னார் என்று எனக்கு ஒன்றும் தெரியாது. "நான் அம்மாகிட்ட சொல்ல மாட்டேன். ஆனா இனிமே என் முன்னாலதான் முழுங்கணும். மிட்டாயும் கூடாது."

 அப்பா தட்டை எடுத்து, நான்கு மாத்திரைகளையும் ஒன்றன்பின் ஒன்றாக விழுங்கினார்.

"வாயத் தொறங்கப்பா. நாக்கத் தூக்குங்க."

தூக்கிக் காட்டினார். நாற்பத்து நான்கு பேர் உட்காரும் பஸ்ஸை ஓட்டுகிற மனிதர் கைலியைக் கட்டிக்கொண்டு, தூங்காத கண்ணோடு, பத்து வயதுப் பெண்முன் வாயைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். அன்று நான் போட்ட சரி மிகப் பெரியது. பக்கத்துத் தேதிவரை அதன் வால் நீண்டது.

மூன்று நாள் இப்படியே போயிற்று. அந்த மூன்று நாளும் அப்பா வழக்கத்தைவிட அதிகமாகத் தூங்கினார். மத்தியானச் சோற்றை அவசரம் அவசரமாக அள்ளிச் சாப்பிட்டார். மருந்து வேலை செய்கிறது என்று நான் எடுத்துக்கொண்டேன். நான்காம் நாள், வேறு ஓட்டுநர் ஒருவர் வராததால் சீக்கிரம் வரச் சொல்லிக் கம்பெனியிலிருந்து போன் வந்தது. சோறு இன்னும் கொதித்துக்கொண்டிருந்தது. அப்பா தண்ணீர் மட்டும் குடித்துவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு இறங்கினார். நான் அடுப்பை அணைத்துவிட்டுப் பள்ளி வேனுக்காகக் கீழே போனேன்.

சாயங்காலம் திரும்பி வந்தபோது கதவு திறந்திருந்தது. அம்மா வீட்டில் இருந்தார். வார நாளில், வெளிச்சம் இருக்கும்போது அம்மா வீட்டில் இருப்பதை நான் பார்த்ததே இல்லை. அதனால் யாரும் சொல்வதற்கு முன்பே ஏதோ நடந்துவிட்டது என்று எனக்குத் தெரிந்தது. அப்பா அறையில் படுத்திருந்தார். கம்பெனி சூப்பர்வைசர் கூடத்தில் நின்றபடி அம்மாவிடம் பேசிக்கொண்டிருந்தார். நான் சமையலறையில் புத்தகப் பையைக்கூடக் கழற்றாமல் நின்று கேட்டேன்.

நெடுஞ்சாலையில் போய்க்கொண்டிருந்தபோது அப்பாவுக்குக் கண் இருண்டிருக்கிறது. எப்படியோ வண்டியை ஓரமாக நிறுத்தி, கைப்பிரேக்கை இழுத்து, விளக்கையும் போட்டுவிட்டார். அதற்குமேல் முடியவில்லை. முன் இருக்கையில் இருந்த மலாய்ப் பெண் எழுந்து வந்து பார்த்தபோது சட்டை தொப்பலாக நனைந்திருந்தது, பேச்சு குளறியது. அப்பா சட்டைப்பையைத் திரும்பத் திரும்பத் துழாவிக்கொண்டே இருந்தாராம். போன் தேடுகிறார் என்று அந்தப் பெண் போனை எடுத்து நீட்டியிருக்கிறார். அதை வாங்காமல் மறுபடியும் பையைத்தான் துழாவினாராம். பின்னால் இருந்த இன்னொரு பெண்ணின் அம்மாவுக்குச் சர்க்கரை வியாதி. அந்தப் பெண் பார்த்த உடனே புரிந்துகொண்டு, தன்னிடம் இருந்த இனிப்பான சிரோப் தண்ணீரை வாயில் ஊற்றியிருக்கிறார்.

"நல்ல வேளை லா, அக்கா. வண்டியில முப்பத்தெட்டு பேரு" என்றார் சூப்பர்வைசர். பிறகு குரலைத் தாழ்த்தி, "சாவிய நான் வாங்கிட்டேன். கோவிச்சுக்காதீங்க. மேல எடத்துல கேப்பாங்க" என்றார்.

 சூப்பர்வைசர் போனபிறகு அம்மா அடுப்பருகே வந்து, நான் பாதியில் அணைத்துவிட்டுப் போன சோற்றைப் பார்த்தார். தண்ணீரில் ஊறி விறைத்துக் கிடந்த அதைக் கொட்டிவிட்டுப் புதிதாக அரிசி களைய ஆரம்பித்தார். இடையில் ஒரு முறை குழாயைத் திறந்து விட்டபடியே கொஞ்ச நேரம் நின்றார். அவர் அழுகிறார் என்று நினைத்துப் பக்கத்தில் போனேன். அழவில்லை. நின்றபடியே கண்ணயர்ந்திருந்தார்.

ஒரு வாரம் கழித்து அப்பா மறுபடியும் கிளினிக்குக்குப் போனபோது என்னையும் துணைக்கு அனுப்பினார் அம்மா. இந்த முறை டாக்டர் பார்த்து முடித்ததும் எங்களை இன்னொரு அறைக்கு அனுப்பினார்கள். அங்கே மருந்து பற்றி விளக்குவதற்கென்றே ஒரு தமிழ் அக்கா இருந்தார். சின்ன வயதுதான். கண்ணுக்குக் கீழே எங்கள் அம்மாவுக்கு இருப்பது போலவே கருவளையம். வெளியே இன்னும் பதினைந்து பேர் டோக்கன் எண்ணை வைத்துக்கொண்டு காத்திருந்தார்கள். ஏன் சாப்பிடவில்லை என்று அவர் அதட்டுவார் என எதிர்பார்த்தேன்.

"அங்கிள், இதுல எந்த மருந்து உங்க வேலைக்குத் தொந்தரவா இருக்கு?" என்றுதான் அவர் கேட்டார்.

 அப்பா தரையைப் பார்த்தபடி மெதுவாகச் சொல்ல ஆரம்பித்தார். நீர் மாத்திரை போட்டால் அரைமணிக்கொரு தரம் போக வேண்டியிருக்கிறது. ஆட்களை ஏற்றிக்கொண்டு நெரிசலில் நிற்கும்போது எங்கே போவது? சர்க்கரை மாத்திரை போட்டுவிட்டுச் சாப்பாடு தள்ளிப்போனால் கை நடுங்குகிறது, ஸ்டியரிங் பிடிக்க முடியவில்லை. அதனால் ஓட்டுகிற நாட்களில் போடுவதில்லை; ஞாயிற்றுக்கிழமை மட்டும் போடுவார். டாக்டரிடம் சொன்னால் கம்பெனிக்குத் தெரிந்துவிடுமோ என்று பயம். அப்பா அவ்வளவு நேரம் தொடர்ந்து பேசி நான் கேட்டதே இல்லை.

"இத நாங்க மொதல்லயே கேட்டிருக்கணும்" என்றார் அந்த அக்கா. நீர் மாத்திரையை வேலை முடிந்து வீட்டுக்கு வந்தபிறகு போடலாம் என்றார். சர்க்கரையைச் சட்டென்று இறக்காத வேறு மாத்திரை இருக்கிறது, டாக்டரிடம் பேசி மாற்றித் தருவதாகவும் சொன்னார். எல்லாவற்றையும் ஒரு தாளில் தமிழிலேயே எழுதினார். எழுதிக்கொண்டே, "அங்கிள், நடுக்கம் வந்தா உடனே போட்டுக்க இனிப்பு ஏதாவது கைவசம் வச்சிருப்பீங்களா?" என்றார்.

என் காது சூடாகிவிட்டது. நாற்காலிக்கு அடியில் காலை இழுத்துக்கொண்டேன்.

"வச்சிருந்தேன் மா" என்றார் அப்பா. "அன்னிக்கித் தீந்துபோச்சு."

அக்கா தலையாட்டிவிட்டுத் தாளை மடித்துக் கொடுத்தார். அப்பாவுக்கு மறந்துபோய்விட்டது என்று நினைத்து எனக்கு நிம்மதியாக இருந்தது.

அதன்பிறகு அப்பா ஒரு வேளை மருந்தைக்கூடத் தவறவிடவில்லை. கம்பெனி அவரை பஸ் கழுவும் இடத்தில் வேலைக்குப் போட்டது. அங்கே கழிவறை பக்கத்திலேயே இருந்தது, சாப்பாட்டு நேரமும் தவறாது. அடுத்த பரிசோதனையில் சர்க்கரை நன்றாகக் குறைந்திருந்தது. தீபாவளிக்கு வந்த உறவினர்களிடமெல்லாம், மகள்தான் அவரை வழிக்குக் கொண்டுவந்தாள் என்று அம்மா பெருமையாகச் சொன்னார். அப்பாவும் ஆமாம் என்றார். நான் முறுக்கைக் கடித்தபடி அந்தப் பாராட்டை ஏற்றுக்கொண்டேன்.

ஆனால் எனக்கு அடிக்கடி நினைவுக்கு வருவது, அன்று கிளினிக்கிலிருந்து வீடு திரும்பியதுதான். முன்பெல்லாம் அப்பா தன் பஸ்ஸிலேயே போய்விட்டு வருவார். அன்று பஸ் சாவி அவரிடம் இல்லை. பொது பஸ்ஸில் ஏறி, ஓட்டுநருக்குப் பின்னால் இரண்டாவது வரிசையில் உட்கார்ந்தோம். மருந்துப் பையை அப்பா மடியில் வைத்துக்கொண்டார். முன்கண்ணாடி வழியாகச் சாலையையே பார்த்துக்கொண்டிருந்தார். முதல் சிக்னல் நெருங்கும்போது, பஸ் வேகம் குறைவதற்குச் சற்று முன்பாகவே அவருடைய வலது கால் தரையை மெல்ல அழுத்தியது. அடுத்த நிறுத்தத்திலும் அப்படியே. ரவுண்டபவுட் வளைவிலும் அப்படியே.

அவர் ஏதோ விளையாட்டுக் காட்டுகிறார் என்று நினைத்தேன். எனக்கு ஒரே சிரிப்பு. நானும் என் காலைத் தரைக்கு எட்டும்படி நீட்டி வைத்துக்கொண்டு, அவர் அழுத்தும்போதெல்லாம் சேர்ந்து அழுத்தினேன். அவர் குனிந்து என் காலைப் பார்த்தார்.  தம்போய் வந்து சேரும்வரை நாங்கள் இருவரும் அப்படியே அந்த பஸ்ஸை நிறுத்தி நிறுத்தி ஓட்டிக்கொண்டு வந்தோம்.