வேரோடு பிடுங்காதீர்கள்

காலை ஆறு இருபது. சடையன் வீட்டு அடுப்போரம் நான் முதலில் பார்த்தது, சமைக்காமல் மிஞ்சிக் கிடந்த ஒரு வெள்ளைக் காளான். அது அவரைக் கொல்லும் என்று எனக்குத் தெரிந்தது. நான் யாரிடமும் சொல்லவில்லை. உங்களிடம்தான் முதலில் சொல்கிறேன்.

நான் காளான் ஆய்வாளர். கல்வராயன் மலைச் சோலைகளில் என்ன முளைக்கிறது, மலைமக்கள் எதை உண்கிறார்கள் என்று அவர்களோடு சேர்ந்து பதிவுசெய்வது என் வேலை. சடையன் எனக்குக் காட்டில் துணை. காளான் பறித்து வருவது அவர் மனைவி குப்பு.

இங்குள்ள பெண்கள் கரையான் புற்றில் முளைக்கும் புற்றுக்காளானைப் பிடுங்கித்தான் எடுப்பார்கள். புற்றுக்குள்ளிருந்து நீண்ட வேர் இழுபட்டு வந்தால் கூடைக்குள் போகும். வராததை அங்கேயே எறிந்துவிடுவார்கள். நான்தான் அதை நிறுத்தினேன். வேரோடு பிடுங்காதீர்கள், அடுத்த வருடம் முளைக்காது, தரைமட்டத்தில் அறுங்கள் என்று சொல்லி ஆளுக்கொரு கத்தியும் கொடுத்தேன். எங்கோ படித்தது. சரிதானா என்று நான் சோதிக்கவில்லை.

கொல்லும் காளானுக்கு அந்த வேர் கிடையாது. அதன் அடியில், மண்ணுக்குள், முட்டை ஓடு போல ஓர் உறை இருக்கும். அறுத்தால் உறை மண்ணிலேயே தங்கிவிடும்; மேலே இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். அடுப்போரம் கிடந்த காளானின் தண்டில் அந்த உறையின் ஓரம் நகக்கண் அளவு ஒட்டியிருந்தது.

முந்தின நாள் அமாவாசை. காளானைக் கறிக்குச் சமமாக வைப்பவர்கள் அவர்கள். விரதமிருந்த குப்பு, கணவருக்கு மட்டும் குழம்பு வைத்துக் கொடுத்திருந்தார். விடியுமுன் சடையனுக்கு வாந்தி. என் ஜீப்புக்காக என்னைக் கூப்பிட்டார்கள். குப்பு பாயைச் சுருட்டிய நேரத்தில் அந்தக் காளானை எடுத்து என் பைக்குள் போட்டேன். ஏன் போட்டேன்? மாதிரிக்காக என்று எனக்கே சொல்லிக்கொண்டேன்...

கருணாபுரத்துக் கள்ளச்சாராயச் சாவுகளுக்குப் பிறகு, மலையிலிருந்து ஓர் ஆண் வாந்தியோடு கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரிக்கு வந்தால் கேள்வி ஒன்றுதான்.

“எவ்ளோ குடிச்சாரு?” என்றார் டாக்டர்.

“குடிக்கிலிங்க. வூட்ல காளான் கொழம்பு துன்னுட்டுப் படுத்தாரு. மேடம் சொன்னாப்ல அறுத்தாந்த காளானுதாங்க,” என்றார் குப்பு.

டாக்டர் என் பக்கம் திரும்பினார். “நீங்க பாத்தீங்களா?”

“பாத்தேன். நல்ல காளான்தான்.”

அதற்குமேல் அவர் காளானைப் பற்றிக் கேட்கவில்லை. சாராயத்துக்கான வைத்தியம் தொடங்கியது.

பக்கத்துக் கட்டில் நோயாளிக்குத் துணையிருந்த கருணாபுரத்துப் பெண் குப்புவைப் பார்த்தார். “நீங்க காய்ச்சறீங்கோ, நாங்க சாவறோம். இப்ப உங்களுக்கேவா?”

“என் ஆளு அதத் தொட்டு நாலு வருசம் ஆவுதுக்கா.”

“நானும் அப்ப அதத்தாம்மா சொன்னேன்.”

மறுநாள் சடையன் எழுந்து உட்கார்ந்து இட்லி சாப்பிட்டார். “மேடம், இவ நேத்தே ஒப்பாரிக்கு மெட்டுப் புடிச்சிக்கினு கீறா. எல்லாம் வீணாப் பூட்ச்சு.”

“வாய மூடிக்கினு துன்னுய்யா,” என்றார் குப்பு, சிரித்துக்கொண்டே. நானும் சிரித்தேன்.

அந்தத் தெளிவு என்னவென்று எனக்குத் தெரியும். விஷம் குடலை விட்டு ஈரலுக்குள் இறங்கும் நாள் அது. நோயாளி தேறிவிட்டதுபோல இருப்பார். காப்பாற்ற முயல மிச்சமிருக்கும் பொழுதும் அதுவே. நான் வாய் திறந்திருந்தால் அவர் பிழைத்திருப்பாரா? தெரியாது. திறக்கவில்லை என்பது மட்டும் தெரியும்.

ஒரே ஒரு விஷக்காளான்தான் தவறி வந்ததோ, சமைக்காமல் மிஞ்சியதே அதுதானோ என்று அன்று முழுவதும் நினைத்துக்கொண்டிருந்தேன். அறுக்கச் சொன்னது யார் என்று கேட்பார்கள். ஆய்வு நின்றுபோகும். இவற்றுக்கு எதிரே ஓர் ஆளின் உயிரை வைத்து நான் எடைபோட்டேனா? போட்டேன்.

அதற்கு மறுநாள், வீட்டுக்குப் போகலாம் என்றார்கள் ஆஸ்பத்திரியில். நான்தான் ஓட்டிப் போனேன். மலைப்பாதையில், ஜீப்பின் கண்ணாடியில் சடையனின் கண்களைப் பார்த்தேன். வெள்ளை மஞ்சளாகத் தொடங்கியிருந்தது. நான் வண்டியைத் திருப்பவில்லை.

அடுத்த நாள் நினைவு தப்பியது. மீண்டும் கீழே கொண்டுபோகும் வழியில் இறந்தார்.

அடக்கம் முடிந்து நின்றவர்களில் ஒருவர், “பொண்டாட்டிக்குத் தெரியாம எங்கியோ ஊத்திக்கினு வந்துட்டான்,” என்றார். குப்பு கூட்டத்தைக் கடந்து என்னிடம் வந்தார்.

“நீங்க சொல்லுங்க மேடம். அவரு குடிக்கல இல்ல?”

“எனக்கெப்படித் தெரியும் குப்பு?”

அதன்பிறகு அவர் யாரிடமும் அதைப் பற்றி வாதிடவில்லை. சடையன் சாராயத்தில் செத்தவர் என்றே ஊர் பேசுகிறது. பெண்கள் இன்னும் அறுத்துத்தான் எடுக்கிறார்கள். பிடுங்கியே எடுங்கள் என்று நான் போய்ச் சொன்னால், ஏன் மாற்றிச் சொல்கிறீர்கள் என்று கேட்பார்கள். அந்தக் கேள்விக்கு என்னிடம் ஒரு பதில்தான் இருக்கிறது... அதை உங்களுக்கு எழுதிவிட்டேன். அவர்களிடம் சொல்லவில்லை.

நேற்றிலிருந்து மலையில் மழை.