ஷட்டர் கம்பியில் ஒரு தட்டான்

என் வீட்டுக்காரர் சுப்பையன், விழிதியூர் வாய்க்காலில் ஷட்டர் திறக்கும் லஸ்கர். முப்பது வருஷமாக "தண்ணி எப்ப வரும்?" என்று ஊரே அவரிடம்தான் கேட்கிறது. மேட்டூர் சாவி தன் மடியில் இருப்பதுபோல "வரும், வரும்" என்பார். கடைமடைக்காரருக்கு அதற்குமேல் என்ன தெரியும்?

போன ஆடியில் காவிரி பிறக்கும் மலைக்குப் போனோம். அங்கே ஓர் ஓடையில், பூஜைக்கென்று ஐந்து லிட்டர் கேனில் தண்ணீர் பிடித்து வந்தோம். பதினெட்டாம் பெருக்கன்று எங்கள் வாய்க்கால் காய்ந்து கிடந்தது. ஷட்டருக்குக் கீழே முழங்கால் அளவு குட்டைதான் மிச்சம். பெண்கள் பூவோடு நின்றதைப் பார்த்த மனுஷன், கேனை அப்படியே அதில் கவிழ்த்துவிட்டார். எனக்கு வந்ததே கோபம்!

"பூஜைக்கு வச்சத ஊத்திட்டீங்களே!"

"நம்ம வாய்க்காலும் ஒரு தடவ தலைத்தண்ணி பாக்கட்டுமே, ராஜம்."

பத்து நாள் கழித்து ஷட்டர் கம்பியில், நாங்கள் பார்த்தேயிராத கறுப்பு மஞ்சள் தட்டான் ஒன்று உட்கார்ந்திருந்தது. இவர் படமெடுத்து, தலத்தெருவில் இருக்கும் கல்லூரி விலங்கியல் டீச்சர் இளவேனிலுக்கு அனுப்பினார். அவர் அன்றைக்கே ஓடி வந்தார்.

"ஐயா, இது மலையில ரெண்டு மூணு ஓடையிலதான் இருக்கு. இதோட குஞ்சு தண்ணிக்குள்ளதான் வளரும். இங்கயே வளந்திருந்தா, வாய்க்காலுக்கு சிமெண்ட் தளம் போடாதீங்கன்னு சர்க்காருக்கு நானே எழுதுறேன்."

சிமெண்ட் போட்டால் கிணற்று ஊற்று அடைபடும் என்று இரண்டு வருஷமாக மனுவும் கையுமாக அலைந்தவர் இவர். சந்தோஷப்பட வேண்டியதுதானே? தண்ணிக்குள் வளரும் என்று கேட்டதுமே முகம் செத்துப்போனது.

மூன்று நாள் சோறு இறங்கவில்லை.

"கேன்ல வந்துச்சா, தானா பறந்து வந்துச்சா? சொன்னா வாய்க்கால் போச்சு. சொல்லாட்டி பொய்யாயிடுமா, ராஜம்?"

சொல்லாதீங்க என்று நாக்கு நுனிவரை வந்தது. அதுவும் சரியா என்று குழப்பம்.

நாலாம் நாள் அவரே போன் போட்டுச் சொல்லிவிட்டார். டீச்சர் கேட்டார்:

"ஒண்ணுதான் இருக்கா, ஐயா?"

"ஒண்ணுதாங்க."

"அப்ப அதுக்கு ஜோடி..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

அடுத்த வாரம் வாய்க்கால் கரையில் சிமெண்ட் கலவை மெஷின் வந்து நின்றது. கம்பியில் தட்டானைக் காணோம்.

"அது ஊருக்கே போயிருக்குமா, ராஜம்?"

மலை எங்கே, விழிதியூர் எங்கே. முப்பது வருஷம் அவரைத் திட்டியே பழகிய நான், அன்று அவர் பக்கத்தில் கரையில் உட்கார்ந்தேன்.

"போயிருக்கும், போயிருக்கும்" என்றேன்.