செஃபெரினாவுக்கு ஊர் கொடுத்த பொறுப்பு

செஃபெரினா ஸ்ட்ராபெரி பறிப்பதில் பெரிய கெட்டிக்காரி இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவளைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லாவற்றிலும் அவளை முதல் ஆளாக்கிவிடுகிறார்கள். கணவன் கலிக்ஸ்தோ மூன்று பெட்டி நிரப்பும் நேரத்தில் அவள் இரண்டுதான் நிரப்புவாள். மிச்ச நேரம் பேச்சு. பத்தொன்பது வயதில் கலிஃபோர்னியாவின் சாந்தா மரியாவுக்கு வந்தவளுக்கு இப்போது நாற்பத்தொன்று. இரண்டு பிள்ளைகளும் இங்கே பிறந்தவை. அவளிடம் மட்டும் இங்கே இருக்க அனுமதிக் காகிதம் எதுவும் இல்லை.

எங்கள் ஊர் சான் மத்தேயோ, மெக்சிகோவில் வஹாக்கா மலைமேல் இருக்கிறது. ஊரில் பாதி இப்போது கலிஃபோர்னியா பெர்ரி வரிசைகளில் குனிந்து நிற்கிறது. நான் முப்பத்து நான்கு வருஷமாக இங்கே வயதானவர்களைக் குளிப்பாட்டி, மாத்திரை கொடுத்து, படுக்கை மாற்றிச் சம்பாதிக்கிறவள். உடம்புக்கு முடியாத பெர்ரிக்காரர்கள் ஆஸ்பத்திரிக்குப் போகுமுன் என்னிடம் வருவார்கள்.

ஒரு வருஷம் ஜூன் மாதத்தில் ஒரே தோட்டத்திலிருந்து மூன்று பெண்கள் சிறுநீர் எரிச்சல் என்று வந்தார்கள். நான்காவதாக செஃபெரினா வந்தாள்.

"தண்ணி குடிக்கிறதே இல்லியா நீங்கல்லாம்?" என்று கேட்டேன்.

"குடிச்சா போகணுமே அக்கா. கக்கூஸ் வண்டிய மேஸ்திரி தோட்டத்தோட அந்தக் கடைசில நிறுத்தி வச்சிருக்கான். போய்ட்டு வர்றதுக்குள்ள ரெண்டு பெட்டி போயிடும்."

"அப்ப அவன்கிட்டச் சொல்லு."

"சொன்னா அடுத்த நாளு எனக்கு வேலை இருக்காது. தனியாச் சொன்னா."

மறுநாள் காலை பத்து மணிக்குத் தோட்டத்தில் பறிக்கும் நாற்பத்திரண்டு பேரும் பெட்டிகளை வரிசையிலேயே வைத்துவிட்டு, ஒருவர் பின் ஒருவராக, சர்ச் ஊர்வலம் போல அந்தக் கடைசிக்கு நடந்தார்கள். மேஸ்திரி மூச்சிரைக்க ஓடி வந்தான்.

"என்னங்கடி இது, எல்லாருக்கும் ஒரே நேரத்துலயா வரும்?"

"ஒரே பீப்பாத் தண்ணிதானே மேஸ்திரி குடிக்கிறோம்? ஒரே நேரத்துலதான் வரும்" என்றாள் செஃபெரினா.

அடுத்த நாள் கக்கூஸ் வண்டி வரிசையின் தலைமாட்டுக்கு வந்துவிட்டது. அன்றிலிருந்து, கூலியில் குறைத்தால், மருந்து தெளித்த ஈரம் காயுமுன் பறிக்கச் சொன்னால், ஆட்கள் அவளைத் தேடிப் போனார்கள். துணி வெளுக்கும் கடைக்குப் பின்னால் ஒரு சின்ன அறை பிடித்து, இரண்டு மேஜை போட்டுச் சங்கம் என்று பெயர் வைத்தாள். பதினொரு வருஷமாக அது ஓடுகிறது.

போன அக்டோபரில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஆறு மணிக்கு, தோட்டத்துக்குப் போகும் வழியில் குடியேற்றத் துறையின் இரண்டு கார்கள் குறுக்கே வந்து நின்றன. அவளை இறக்கி, நான்கு மணி நேரத் தூரத்தில் பாலைவனத்தில் இருக்கும் தடுப்பு நிலையத்துக்குக் கொண்டுபோனார்கள். நாடு கடத்துவதற்கான வழக்கும் போட்டார்கள். இரண்டு நாள் கழித்து எனக்கு ஃபோன் வந்தது.

"அக்கா, கலிக்ஸ்தோ சாப்பிட்டாரா?"

"அவர் சாப்பிடுறார். நீ?"

"பீன்ஸுன்னு ஒண்ணு போடுறாங்க. யாரு சமைச்சதுன்னு கேட்டுக்கிட்டே இருக்கேன், ஆளு மாட்டல."

"அங்கயும் சண்டையா?"

"சண்டையெல்லாம் இல்லக்கா. மரியாதையாத்தான் கேட்டேன். பதினெட்டுப் பேரு சேர்ந்து மரியாதையாக் கேட்டோம்."

வக்கீல் நோரீன் முப்பது வயதுப் பெண். கொண்டையில் பென்சிலைச் செருகி வைத்துக்கொண்டு அதையே தேடுவாள். விஷயத்தை எங்களுக்கு நேராகச் சொன்னாள். வழக்கு முடிய ஒன்றிரண்டு வருஷம் ஆகும். அதுவரை உள்ளேயே இருப்பதா, பிணையில் வீட்டுக்கு வருவதா என்பதை அடுத்த புதன்கிழமை நீதிபதி முடிவு செய்வார். உள்ளேயே இருந்தால் பெரும்பாலோர் மனம் தளர்ந்து, அனுப்பிவிடுங்கள் என்று அவர்களே கையெழுத்துப் போட்டுவிடுகிறார்களாம்.

"நீதிபதி முக்கியமாப் பாக்கப்போறது ஒண்ணுதான்" என்றாள் நோரீன். "வெளிய விட்டா இவங்க இங்கயே இருந்து கோர்ட்டுக்கு வருவாங்களா, இல்ல எங்கயாவது போயிடுவாங்களா? இங்க வேர் விட்டிருக்காங்கன்னு காட்டுற கடுதாசி வேணும். எத்தனை முடியுமோ அத்தனை."

கடிதம் சேர்க்கும் வேலை எனக்கு வந்தது. பாதிரியார் எழுதினார். பிள்ளைகளின் டீச்சர் எழுதினாள். எழுதத் தெரியாத பறிப்பாளர்கள் சொல்லச் சொல்ல நான் எழுதி, அவர்கள் பெருவிரல் ரேகை வைத்தார்கள். வெள்ளிக்கிழமைக்குள் அறுபத்தாறு கடிதம் சேர்ந்தது. சாயங்காலம் எனக்கு வேலை இருந்ததால், நோரீனின் ஆபீஸில் கொடுத்துவிட்டு வா என்று கடிதக் கட்டைக் கலிக்ஸ்தோவிடம் கொடுத்தேன்.

சனிக்கிழமை காலை நகல்களைப் பார்த்தால் அறுபத்தேழு இருந்தது.

"இது என்ன கடுதாசி?" என்று கலிக்ஸ்தோவைக் கேட்டேன்.

அவர் முகம் மலர்ந்தது. "ஊர்லேர்ந்து வாங்கினேன் அக்கா. தலைவர் டான் அபுந்தியோ ஊர்ச்சபையக் கூட்டி எழுதி, ஃபோன்ல அனுப்பினாரு. மூணு முத்திரை பாருங்க! உங்க அறுபத்தாறுல ஒண்ணுலயாவது முத்திரை இருக்கா?"

படித்தேன். செஃபெரினா எங்கள் பெண், அவளுக்கு ஊரில் வீட்டுமனை உண்டு, அவளுடைய நல்ல குணத்துக்காகச் சபை ஒருமனதாகக் கை தூக்கி அவளை ஆஸ்பத்திரிக் கமிட்டியின் தலைவியாக நியமித்திருக்கிறது, ஜனவரி முதல் தேதி அவள் பொறுப்பேற்க வேண்டும், ஊரே காத்திருக்கிறது.

எங்கள் ஊரில் இதைவிடப் பெரிய மரியாதை கிடையாது. சம்பளமில்லாத ஒரு வருஷப் பொறுப்பு. யார் எந்த தேசத்தில் இருந்தாலும், சபை கை தூக்கிவிட்டால் வந்து செய்ய வேண்டும். ஒருவரைப் பற்றி நல்லதாக எழுதுங்கள் என்று கேட்டால், எங்கள் ஊர் இப்படித்தான் எழுதும். வேறு எந்த ஊரும் இந்தத் தப்பைச் செய்யாது.

"கலிக்ஸ்தோ, அவ இங்கயே இருப்பான்னு காட்டக் கடுதாசி கேட்டாங்க. இது ஜனவரில அவ ஊருக்கு வந்தே ஆகணும்னு சொல்லுது."

அவர் இரண்டு முறை படித்தார். பிறகு உட்கார்ந்துவிட்டார். நான் நாடி பிடித்துப் பார்த்து, சர்க்கரை போட்டுக் காபி கொடுத்துவிட்டு நோரீனைக் கூப்பிட்டேன். அவள் வெள்ளிக்கிழமை ராத்திரியே எல்லாவற்றையும் மொழிபெயர்ப்போடு கோர்ட்டில் போட்டுவிட்டிருந்தாள். "நான் படிச்சிருக்கணும், தப்பு என்னோடது" என்றாள். "திரும்ப எடுக்க முடியாது, எடுத்தா இன்னும் சந்தேகப்படுவாங்க. ஊர்லேர்ந்து இன்னொரு கடுதாசி வரணும். ஆனா பொய் ஒரு வரிகூட இருக்கக் கூடாது."

டான் அபுந்தியோவுக்கு ஃபோன் போட்டேன். (பெரியவர்களின் பெயருக்கு முன்னால் மரியாதைக்கு டான் என்று சேர்ப்பது எங்கள் வழக்கம்.) சொன்னதும் கொதித்துவிட்டார்.

"மரியாதை பண்ணினா குத்தமா? கை தூக்கினது தூக்கினதுதான். எறக்க முடியாது."

"எறக்க வேண்டாம். நாளைக்கு ஞாயித்துக்கிழமை. சபையக் கூட்டுங்க. நாங்களும் ஃபோன்ல இருக்கோம்."

மணியடித்துச் சபை கூடியது. அங்கே ஒலிபெருக்கியின் வாயில் ஃபோனை வைத்தார்கள். இங்கே என் சமையலறையில் கலிக்ஸ்தோவும் நானும் இன்னும் ஒன்பது பேரும் சுற்றி நின்றோம். இரண்டு மணி நேரம் ஆண்கள் பேசினார்கள். வராதவருக்குப் பதில் ஆள் போடலாம், ஆனால் யார்? வராதவருக்கு அபராதம் உண்டு, எவ்வளவு? ஒரு கிழவர் 1982இல் நடந்த வேறொரு தகராறைத் தொடங்கினார். கடைசியில் ஒரு பெண் குரல் வந்தது. கலிக்ஸ்தோவின் அக்கா பெனீத்தா. முட்டை வியாபாரம் செய்கிறவள். செஃபெரினாவோடு பேச்சுவார்த்தை இல்லாமல் பத்து வருஷம் ஆகிறது.

"நான் ஒண்ணு கேக்கறேன். நம்ம ஜனம் எரநூறு பேரு அங்க இருக்கு. சீக்கு வந்தா, சாவு வந்தா யாரு பாக்கறா?"

"செஃபெரினாதான் பாக்கறா" என்று கத்தினார் கலிக்ஸ்தோ.

"நீ சும்மா இருடா, எனக்குத் தெரியும். அது ஊர் வேலையா இல்லியா?"

டான் அபுந்தியோ தொண்டையைச் செருமினார். "ஊர் வேலைதான்."

"அப்ப அந்தப் பொறுப்ப அவகிட்டக் குடுங்க. அவ அங்கயே கெடக்கட்டும். இந்த ஆஸ்பத்திரி நாற்காலில நான் உக்காருறேன்."

"உனக்குத்தான் அவளப் புடிக்காதே?" என்று யாரோ கேட்டார்கள்.

"புடிக்காது. அந்த வாயாடிய யாருக்குப் புடிக்கும்? அது வேற, இது வேற. கைய தூக்குங்கய்யா, கோழியெல்லாம் பட்டினி."

கை தூக்கினார்கள். புதுக் கடிதம் இப்படி: செஃபெரினா வழக்கு முடியும்வரை சாந்தா மரியாவிலேயே இருந்து ஊர் ஜனத்தைக் கவனிக்க வேண்டும், மாதாமாதம் முதல் ஞாயிறு சபைக்கு அறிக்கை சொல்ல வேண்டும், கோர்ட் கூப்பிட்டால் போக வேண்டும், போகாவிட்டால் பொறுப்பை விட்டதாகக் கணக்கு. இந்த முறை டான் அபுந்தியோ நான்கு முத்திரை வைத்தார். நாலாவது எதற்கு என்று கேட்டேன். தண்ணீர்க் கமிட்டியின் முத்திரை சும்மா இருந்ததாம்.

புதன்கிழமை கோர்ட்டில் செஃபெரினா தடுப்பு நிலையத்திலிருந்தே வீடியோத் திரையில் வந்தாள். கன்னம் ஒட்டியிருந்தது, கண் தெளிவாக இருந்தது. எதிர்பார்த்தபடி அரசு வக்கீல் ஊரின் முதல் கடிதத்தைத்தான் எடுத்தார். "இவர் ஊரே ஜனவரியில் இவரை எதிர்பார்க்கிறது. இவர் ஏன் இங்கே நிற்கப் போகிறார்?"

நோரீன் இரண்டாவதைக் கொடுத்தாள். நீதிபதி மூக்குக் கண்ணாடியைக் கழற்றிப் படித்தார், போட்டுக்கொண்டும் படித்தார். மொழிபெயர்ப்பாளர் மூலம் கேட்டார்: "இந்தப் பொறுப்பை விட்டுவிட்டு நீங்கள் போய்விட்டால் என்ன செய்வார்கள்?"

"செத்தா ஊர்ல பொதைக்க எடம் குடுக்க மாட்டாங்க ஐயா. உயிரோட இருந்தா, திருவிழால என் கையால போட்ட சோத்த யாரும் வாங்க மாட்டாங்க. ரெண்டுல ரெண்டாவதுதான் தாங்காது."

"இந்த நீதிமன்றத்துக்கு அவ்வளவு அதிகாரம் கிடையாது" என்றார் நீதிபதி. முகத்தில் சிரிப்பு இல்லை, குரலில் கொஞ்சம் இருந்தது. பிணை கொடுத்தார்.

பிணைப் பணத்தைச் சங்கத்து ஆட்கள் முன்பே திரட்டி வைத்திருந்தார்கள். வெள்ளிக்கிழமை வெளியே விட்டார்கள். கலிக்ஸ்தோ அழுததில் கார் ஓட்ட முடியவில்லை, நான்தான் ஓட்டினேன். செஃபெரினா பின்சீட்டில் பிள்ளைகளுக்கு நடுவில் உட்கார்ந்து, மோலே மசாலா தடவிய தமால், எங்கள் ஊர்ச் சோளக் கொழுக்கட்டை, ஆறு சாப்பிட்டாள். ஏழாவதை நான் தடுத்தேன். நல்ல சோறு காணாத வயிறு.

நடந்ததையெல்லாம் சொன்னேன். பெனீத்தா பெயரைச் சொன்னதும் மெல்லுவதை நிறுத்தினாள்.

"அவளா?"

"அவதான். வாயாடின்னும் சொன்னா."

"அது சரி, சொல்லாம இருப்பாளா" என்றாள்.

வழக்கு முடியவில்லை. அடுத்த விசாரணை ஆகஸ்டில். தோற்றால் அனுப்பத்தான் செய்வார்கள், அது எல்லாருக்கும் தெரியும். ஆனால் அவள் வீட்டில் இருந்து போராடுகிறாள், தன் கட்டிலில் தூங்குகிறாள்.

வந்த இரண்டாம் நாளே முதல் ஞாயிறு. டான் அபுந்தியோ விடவில்லை. ஒலிபெருக்கி கரகரத்தது.

"மொத அறிக்கை சொல்லும்மா."

"தலைவரே, நான் வெளிய வந்தே ரெண்டு நாளுதான் ஆவுது. உள்ள இருந்தவ என்னத்த அறிக்க சொல்லுவேன்?" என்றாள். என்னைப் பார்த்தாள். பிறகு பாவாடைப் பையிலிருந்து மடித்த சோப்பு உறை ஒன்றை எடுத்தாள். உள்பக்கம் பென்சிலில் பொடிப்பொடியாக எழுதியிருந்தது.

"இருங்க. உள்ள நம்ம மலைக்காரங்க ஏழு பேரு இருக்காங்க. ரெண்டு பேரு நம்ம ஊரு. கிரெசென்சியா, கிணத்துக்குப் பக்கத்து வீடு, அவளுக்குச் சர்க்கரை மாத்திரை நேரத்துக்குத் தரமாட்டேங்கறாங்க. அவ அம்மாவுக்கு மக எங்க இருக்கான்னே தெரியாது. யாராவது போய்ச் சொல்லணும், இன்னிக்கே."

அந்தப் பக்கம் நாற்காலி நகரும் சத்தம் கேட்டது.

"மெதுவாச் சொல்லும்மா" என்றார் டான் அபுந்தியோ. "எழுதிக்கிறேன்."