அத்தையின் வேண்டுதலும் காய்ச்சலும்

அந்த வெள்ளி வேல் என் சுண்டுவிரல் நீளம்கூட இராது. அதை நாக்கில் குத்திக்கொண்டு அத்தை கோயிலைச் சுற்றி வந்தபோது, புக்கிட் பெலண்டோக் பக்கத்து எங்கள் செம்பனைத் தோட்டமே கைகூப்பி நின்றது. மோட்டார் விபத்தில் அடிபட்டுக் கிடந்த நான் பிழைத்தால் அலகு குத்துவதாக வேண்டிக்கொண்டிருந்தார். சிறுவயதில் மூட்டுக்காய்ச்சல் வந்து அவருடைய இதய வால்வு ஒன்று கெட்டுப்போயிருந்தது எல்லோருக்கும் தெரியும். கடைவாய்ப் பல் சொத்தை என்பதும் தெரியும். இவற்றோடு அலகையும் சேர்த்து யோசிக்க ஒருவருக்கும் தோன்றவில்லை.

கொஞ்ச நாளில் காய்ச்சல் தொடங்கியது. மாலையானால் நடுக்கம், விடிவதற்குள் தலையணை நனையும் வியர்வை. செம்பனைக் காட்டில் நாளெல்லாம் உதிரிப்பழம் பொறுக்கியவருக்குச் சமையலறைவரை நடக்கவே மூச்சு வாங்கியது. விரல் நுனிகளில் சிவப்புப் புள்ளிகள், தொட்டால் வலி. ஆஸ்பத்திரி என்றால் மட்டும் அசைய மாட்டார்.

“விரதத்துல ஏதோ குறை வெச்சிட்டேன்லா. மறுபடி இருந்து முடிச்சாத்தான் எறங்கும். நடுவுல ஊசி, மருந்துன்னு போனா உனக்குத்தான்டா ஆகாது.”

“எனக்கு ஒன்னும் ஆகாது அத்தை. காடி வெளிய நிக்குது, வந்து ஏறுங்க.”

கெஞ்சினேன், கத்தினேன். அவர் மறுபடி விரதம் தொடங்கி, பாலும் பழமுமாகச் சுருண்டு கிடந்தார். எனக்காக வேண்டிக்கொண்டு, எனக்காகவே சாகப் பார்க்கிறாரே என்று ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

ஒரு காலையில் பால் டம்ளர் அவர் கையிலிருந்து நழுவியது. வாய் கோணி, பேச்சு குழறியது. மாமாவும் நானும் அவரைத் தூக்கிக் காடியில் கிடத்திச் சிரம்பான் ஆஸ்பத்திரிக்குப் பறந்தோம். வழியெல்லாம் மாமா அவர் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே வந்தார்.

“கிருமி ரத்தத்துல கலந்து, கெட்ட வால்வுல ஒட்டிக்கிச்சு. இதயத்தோட உள்சவ்வு அரிச்சுப்போச்சு. அதுலேர்ந்து ஒரு துணுக்கு மூளைக்குப் போயிருக்கு,” என்றார் டாக்டரம்மா. கிருமி நுழைந்தது சொத்தைப் பல் வழியா, அலகு வழியா என்று அவராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. “வால்வு கோளாறு உள்ளவங்க காய்ச்சலை இப்படி விடலாமா? முதல்லயே வந்திருந்தா மருந்தோட போயிருக்கும்லா.”

வாரக்கணக்கில் நரம்பு வழியே மருந்து ஏறியது. பிறகு புது வால்வு வைத்தார்கள். அத்தை பிழைத்தார். இப்போது காலையும் இரவும் ஒழுங்காகப் பல் துலக்குகிறார். பல் டாக்டரிடம் போனால் வாயைத் திறக்கும் முன்பே நெஞ்சுத் தழும்பைக் காட்டி, கிருமி தடுக்கும் மருந்தைக் கேட்டுச் சாப்பிட்டுவிடுகிறார். கோயிலில் அலகு இல்லை, பால்குடம்தான்.

பேச்சும் பெரும்பாலும் திரும்பிவிட்டது. மாமா பெயர், பூசாரி பெயர், பக்கத்து வீட்டுப் பூனையின் பெயர்கூடச் சரியாக வருகிறது. என் பெயர் மட்டும் இன்னும் வரவில்லை. என்னைப் பார்த்ததும் உதடு தடுமாறும், கண் கலங்கும்.

“நீதான்லா... நீ...” என்பார்.

“ஆமா அத்தை, நான்தான்,” என்பேன்.