குப்பாயி மூன்று தடவை கூப்பிட்டால்தான் வருவாள்

எங்கள் பக்கத்துச் சந்தையில் நின்றுகொண்டு "குப்பாயி" என்று ஒரு குரல் கொடுத்தால் நாலு பேராவது திரும்பிப் பார்ப்பார்கள். ஒருத்தி கடலை அளந்துகொண்டிருப்பாள், இன்னொருத்தி கோழிக்கூடையோடு நிற்பாள். நான் மட்டும் திரும்பமாட்டேன். காது நன்றாகவே கேட்கும். மூன்று தடவை கூப்பிட்டால்தான் திரும்ப வேண்டும் என்று வளர்க்கப்பட்டவள் நான்.

பேருக்கு என்ன அர்த்தம் என்று கேட்கிறவர்கள் உண்டு. என்ன பெரிய அர்த்தம். குப்பைமேட்டிலிருந்து எடுத்தது, அவ்வளவுதான். ஒரு வீட்டில் அடுத்தடுத்துப் பிள்ளைகள் செத்துப் போனால், அதற்கப்புறம் பிறப்பதற்கு நல்ல பேர் வைக்கமாட்டார்கள். நல்ல பேராக இருந்தால் எமனுக்கும் பிடித்துப்போகும் என்ற பயம். குப்பன், குப்பாயி, பிச்சை, தவிட்டாள் என்று யாரும் ஆசைப்படாத பேராகத் தேடி வைப்பார்கள். இந்தப் பேர்களைக் கேட்டுச் சிரிக்கிறவர்களைக் கண்டால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வரும். அந்தப் பேரை வைத்திருக்கிற ஒவ்வொருவருக்கும் முன்னால் இரண்டோ மூன்றோ சின்னக் குழிகள் இருக்கின்றன. எனக்கு முன்னால் மூன்று.

நான் பிறந்த மூன்றாம் நாள் என்னை முறத்தில் போட்டு எருக்குழிக்கு மேலே வைத்துவிட்டு, அம்மா திரும்பிப் பார்க்காமல் வந்துவிட்டாளாம். பக்கத்துத் தோட்டத்துக்காரி, நான் பெரியம்மா என்று கூப்பிடுகிறவள், யாரோ போட்டுவிட்டுப் போன பிள்ளையைக் கண்டெடுத்த மாதிரி எடுத்துக்கொண்டு போனாள். அம்மா அவள் வாசலுக்குப் போய் ஒரு படி தவிடு கொடுத்து என்னை வாங்கி வந்தாள். அன்றிலிருந்து நான் அம்மா பெற்ற பிள்ளை இல்லை, அம்மா வாங்கின பிள்ளை. நான் அடம் பிடிக்கும்போதெல்லாம் பெரியம்மா வேலிக்கு அந்தப் பக்கமிருந்து சிரிப்பாள். "இந்தா அம்முணி, எச்சாப் பேசாதே. தவுட்டத் திருப்பிக் குடுத்துட்டு உன்னைக் கூட்டியாந்துருவனாக்கும்."

அம்மா சிரிக்கமாட்டாள். அவளுக்கு எந்நேரமும் பயம்தான். என் தலைக்கு எண்ணெய் வைத்தால் உடனே கன்னத்தில் கரியைத் தடவுவாள். புதுத் துணி எடுத்தால் ஓரத்தைக் கிழித்துத்தான் கட்டிவிடுவாள். யாராவது வந்தவர்கள், "புள்ள நல்லா வளந்துட்டுதுங்களே" என்று சொல்லிவிட்டால் போச்சு. "எங்கீங்க வளந்துச்சு, சோத்துக்குக் கேடு" என்று முகத்தைச் சுளித்துக்கொண்டு என்னை உள்ளே தள்ளுவாள். அப்படிச் சொல்லிவிட்டு இருட்டறையில் வந்து என் உச்சந்தலையை முகர்ந்து பார்ப்பாள். அது எதற்கு என்று அந்த வயதில் எனக்குப் புரியவில்லை. எனக்கு வந்தது கோபம்தான்.

எல்லாவற்றையும்விட அவள் கண்டிப்பாக வைத்திருந்தது கூப்பிடுகிற விஷயம். "உச்சிப் பொழுதுல வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ஆராச்சும் கூப்புட்டா வாயத் தொறக்கப்படாது. ரண்டாந்தரம் கூப்புட்டாலும் பேசாதே. மனுசனா இருந்தா மூணாந்தரம் கூப்புடுவான். அது கூப்புடாது."

"எதும்மா?"

"அதுதான்" என்பாள். அதற்கு மேல் சொல்லமாட்டாள். அவளே என்னைக் கூப்பிடும்போது மூச்சு விடாமல் குப்பாயி குப்பாயி குப்பாயி என்று மூன்று தடவையும் சேர்த்துச் சொல்லிவிடுவாள். தூரத்தில் கேட்கிறவர்களுக்கு ஏதோ பறவை கத்துகிற மாதிரி இருக்குமாம்.

எங்கள் காட்டுக்குக் கள்ளிக்காடு என்று பேர். தெற்கு ஓரம் முழுக்கக் கள்ளிவேலி. கடலைக்குக் களை வெட்டும்போது அம்மா அந்த ஓரத்து வரிசையை மட்டும் வேறு யாருக்கும் விடமாட்டாள். அங்கே குனிந்து வெட்டிக்கொண்டே ஏதோ முணுமுணுப்பாள். ஒருநாள் பின்னாலேயே போய்க் கேட்டேன். ஒரு பெண்ணின் பேர். அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள். மோதிரத்தில் பதிக்கிற ஒரு கல்லின் பேர் அது. அந்தப் பேரை இங்கே எழுதமாட்டேன். எழுத உட்கார்ந்து பார்த்துவிட்டேன், கை வரவில்லை.

எனக்கு அப்போது எட்டு முடிந்து ஒன்பது. அந்தப் பேர் எனக்குத்தான் என்று நினைத்துக்கொண்டேன். எனக்கென்று ஒரு நல்ல பேரை எடுத்து, யாரும் பார்க்காத இடத்தில் அம்மா ஒளித்து வைத்திருக்கிறாள் என்று நினைத்தேன். நகையை மண்ணில் புதைத்து வைக்கிறவர்கள் இல்லையா, அதுபோல. அன்றைக்கு முழுவதும் அவள் திட்டியதெல்லாம் எனக்கு இனிப்பாக இருந்தது.

அந்த வருடம் ஊரில் ஒற்றை வாத்தியார் பள்ளிக்கூடம் வந்தது. எங்கள் ஊரை ஆண்டது கொச்சி ராஜா. வீட்டில் நாங்கள் பேசியது கோயமுத்தூர்த் தமிழ், பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தது மலையாள எழுத்து. தலை எண்ணிக்கை போதாது என்று வாத்தியார் வீடு வீடாக வந்து கேட்டார். அய்யன், அதாவது என் அப்பா, என்னை அனுப்ப ஒத்துக்கொண்டார். வேலியைத் தாண்டுகிறவரை அம்மா என் கன்னத்துக் கரியைச் சரி பார்த்துக்கொண்டே வந்தாள்.

வாத்தியார் மலையாளத்துக்காரர். பெரிய புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு, "பேரெந்தா குட்டி?" என்றார். எனக்கு முன்னால் பேர் கொடுத்த ஒரு பையன் குப்பன் என்று சொல்லி, மொத்தப் பள்ளிக்கூடமும் சிரித்து முடித்திருந்தது. நான் நிமிர்ந்து நின்று அந்தக் கல்லின் பேரைச் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. வாத்தியார்கூட, "நல்ல பேராணல்லோ" என்றார்.

அப்புறம் வீட்டுப்பேர் கேட்டார். அவர்கள் வழக்கத்தில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் பேருக்கு முன்னால் வீட்டுப்பேர் ஒன்று வரும். எங்களுக்கு ஏது வீட்டுப்பேர்? மேக்காட்டுக்காரர், பாறைக்காட்டுக்காரர் என்று காட்டை வைத்துத்தான் ஆளை அடையாளம் சொல்வோம். நான் கள்ளிக்காடு என்றேன். இரண்டையும் சேர்த்து எழுதிக்கொண்டார். தினமும் காலையில் கள்ளிக்காட்டு என்று ஆரம்பித்து அந்தப் பேரை வாசிப்பார். மூன்று தடவை எல்லாம் கிடையாது, ஒரே தடவைதான். நானும் உடனே எழுந்து நிற்பேன். முதல் நாள் நெஞ்சு அடித்துக்கொண்டது. ஒன்றும் ஆகவில்லை. அடுத்த நாளும் ஒன்றும் ஆகவில்லை. அப்புறம் எனக்குத் தைரியம் வந்துவிட்டது.

கோடையில் சந்தைப்பக்கத்து ஊர்களில் வாந்திபேதி வந்தது. காலையில் ஏர் ஓட்டினவனைச் சாயங்காலம் தூக்கிக்கொண்டு போனார்கள். அம்மா என்னைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பவில்லை. வாசலில் வேப்பிலை கட்டினாள். அய்யன் கிணற்றடியில் மாடு பூட்டிக் கவலையில் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தார். நாங்கள் இரண்டு பேரும் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தோம்.

நல்ல உச்சிப் பொழுது. அம்மா திரிகைக்கல்லில் ராகி அரைத்துக்கொண்டிருந்தாள். வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு ஆண்குரல், கள்ளிக்காட்டு என்று ஆரம்பித்து அந்தப் பேரைக் கூப்பிட்டது.

கல் நின்றது. நான் பழக்கத்தில் "வந்துட்டே" என்று சொல்ல வாயைத் திறந்துவிட்டேன். அம்மாவின் கை மாவோடு என் வாயில் வந்து அழுந்தியது. பல் உதட்டில் குத்தி ரத்தம் வந்தது. அவ்வளவு பயத்தை நான் ஒரு மனித முகத்தில் பார்த்ததில்லை. என்னைப் பார்க்கவில்லை அவள், கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இரண்டாவது தடவை கேட்டது. அம்மா என்னை மடியில் போட்டு முந்தானையால் மூடினாள். மூச்சு முட்டியது. அந்தத் துணிக்குள்ளேயே எனக்கும் புரிந்துவிட்டது, நான் ஏதோ செய்யக்கூடாததைச் செய்துவிட்டேன் என்று.

மூன்றாவது தடவையும் கேட்டது. மனுசன்தான் என்று தெரிந்ததும் அம்மா என்னை அப்படியே குதிருக்குப் பின்னால் தள்ளிவிட்டு வெளியே போனாள். சாளரத்து ஓட்டையில் பார்த்தேன். குடையைப் பிடித்துக்கொண்டு வாத்தியார் நின்றிருந்தார். மேலதிகாரி பார்வையிட வருகிறாராம், பிள்ளைகளைத் திரட்டிக்கொண்டிருந்தார்.

அம்மா வேலிக்கு இந்தப் பக்கமே நின்றாள். "அந்தப் புள்ள செத்துப் போச்சுங்க" என்றாள்.

அந்த நாளில் அந்தப் பதிலை யாரும் திருப்பிக் கேட்கமாட்டார்கள். வாத்தியார் மேல்துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டு, வந்த வழியே வேகமாகப் போனார். புத்தகத்தில் என் பேர் அன்றைக்கே அடிக்கப்பட்டிருக்கும்.

அம்மா உள்ளே வந்து கேட்டாள். "அந்தப் பேரு உனக்கு ஆரு சொன்னது?"

"நீதாம்மா. கள்ளி ஓரத்துல சொல்லுவியே. எனக்குத்தானேன்னு..."

அவள் அடிப்பாள் என்று நினைத்தேன். அடித்திருந்தால் தேவலை. சுவரோடு சரிந்து உட்கார்ந்துவிட்டாள். வாத்தியார் கூப்பிட்ட சத்தம் கேட்டு ஓடிவந்த பெரியம்மாதான் எனக்குச் சொன்னாள். அது என் மூத்த அக்காவின் பேர். ஆறு வயதுவரை இருந்தவள், பட்டுப்பாவாடை கட்டி வளர்த்தவள். இதே மாதிரி ஒரு பேதி வருடத்தில், இதே மாதிரி உச்சிப் பொழுதில், வேலிக்கு அந்தப் பக்கமிருந்து யாரோ ஒரே ஒரு தடவை அவளைக் கூப்பிட்டார்களாம். "வந்துட்டே" என்று சொல்லிக்கொண்டே ஓடினாளாம். போய்ப் பார்த்தால் யாருமில்லை. பொழுது சாய்வதற்குள் முடிந்துவிட்டது. கள்ளி ஓரத்தில்தான் புதைத்திருக்கிறார்கள், மற்ற இரண்டு பேரையும் அங்கேதான்.

"பேரையும் எடுத்துக்கிட்டு, அவ படுத்திருக்கற எடத்தையும் சேத்துச் சொல்லியிருக்கறயே கண்ணு" என்றாள் பெரியம்மா. அவள் கண்ணிலும் சிரிப்பு இல்லை.

அன்றைக்கே, வெயில் இறங்குவதற்குள், ஒன்பது வயதுப் பெண்ணை எருக்குழியில் உருட்டினார்கள். முறம் போதாது, ஓலைப்பாயில் போட்டார்கள். சாணியும் சாம்பலும் கண்ணிலும் வாயிலும் போனது. ஒரு நாள் முன்னால் என்றால் ஊரைக் கூட்டியிருப்பேன். அன்றைக்கு வாயைத் திறக்கவில்லை. இன்னொரு தரம் உருட்டச் சொல்லி நானே கேட்டேன். பெரியம்மா எடுத்துக்கொண்டு போவதற்கு நான் கனமாக இருந்தேன். கையைப் பிடித்து நடத்திக்கொண்டு போனாள். அம்மா தவிட்டோடு வந்தாள். ஓடி வந்த வேகத்தில் பாதித் தவிடு வழியிலேயே சிந்திப் போயிருந்தது. "போதும், குடு" என்று பெரியம்மா வாங்கிக்கொண்டாள்.

அப்புறம் எட்டு நாள். அம்மா நாழிகைக்கு ஒரு தரம் என் நகத்தைப் பார்ப்பாள், கண்ணை விரித்துப் பார்ப்பாள், வயிற்றைத் தொட்டுப் பார்ப்பாள். வயிறு கொஞ்சம் இரைந்தாலும் எனக்குக் கை கால் சில்லிட்டுவிடும். கொல்லைப்பக்கம் போகவே பயந்தேன். அவள் சாப்பிடவில்லை. எட்டு நாள் கழித்து ஊரில் பேதி ஓய்ந்ததும் ஒரு குண்டான் கஞ்சியை நின்றவாக்கிலேயே குடித்தாள்.

பள்ளிக்கூடம் அதோடு சரி. செத்தவள் எப்படிப் போய் உட்கார முடியும்? ஒருநாள் சாணிக்கூடையோடு போகும்போது வாத்தியார் எதிரே வந்துவிட்டார். என் முகத்தைப் பார்த்தார், கூடையைப் பார்த்தார், தரையில் என் காலைப் பார்த்தார். ஏதோ ஜபித்துக்கொண்டே வரப்பில் இறங்கி விலகிப் போனார். நடுப்பகலில் அவரையும் பயமுறுத்திவிட்டேன்.

கல்யாணமாகிக் கொல்லங்கோட்டுப் பக்கம் போனேன். என் பிள்ளைகள் பிழைத்தன. அந்தப் பேரை நானும் சொல்லவில்லை, அம்மாவும் என் காதுபடச் சொல்லவில்லை. இருபது வருடம் ஓடியிருக்கும். அம்மா படுக்கையில் விழுந்துவிட்டாள் என்று ஆள் வந்தது, போனேன். பேச்சுக் குறைந்துவிட்டது. ஆனாலும் என்னைக் கண்டதும் குப்பாயி குப்பாயி குப்பாயி என்றாள். மூன்றும் சேர்ந்து ஒரு மூச்சாக வந்தது.

நாலாம் நாள் உச்சிப் பொழுது. நான் வாசலில் கடலை உடைத்துக்கொண்டிருந்தேன். உள்ளேயிருந்து அந்தப் பேர் கேட்டது. தெளிவாக, வயசுப் பெண்ணின் குரல் மாதிரி. ஒரே ஒரு தடவை.

கையில் இருந்த கடலை அப்படியே நின்றது. அது அம்மாவின் குரல்தான், எனக்குத் தெரியும். ஆனாலும் வாய் திறக்கவில்லை, கால் எழவில்லை. இன்னும் இரண்டு தடவை கூப்பிடட்டும் என்று உட்கார்ந்திருந்தேன். அவள் சொல்லிக்கொடுத்ததைத்தான் செய்தேன். இரண்டாவது தடவை கேட்கவேயில்லை.

உள்ளே போனபோது முடிந்திருந்தது. தலைமாட்டில் வைத்திருந்த தண்ணீர்ச் சொம்பு உருண்டு கிடந்தது. பாய் நனைந்திருந்தது. கை வாசல் பக்கமாக நீண்டிருந்தது.

"மூத்தவளைத்தான் கூப்புட்டிருப்பா. வாசப்படில வந்து நின்னுருப்பா அவ. நீ மனசப் போட்டு ஒளப்பாதே" என்றாள் பெரியம்மா. அவளுக்கும் வயதாகிவிட்டது. நான் தலையாட்டினேன். அவள் சொல்வது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் செத்தவளிடம் யாரும் தண்ணீர் கேட்கமாட்டார்கள்.

இப்போதெல்லாம் வீட்டில் யார் எந்தப் பேரைச் சொல்லி ஒரு தடவை கூப்பிட்டாலும், கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஓடிப் போய் நிற்கிறேன். "உங்களைக் கூப்புடலீங்கம்மா" என்கிறார்கள் பிள்ளைகள்.