பேராசிரியர் தூரே திரும்பிப் போகச் சொன்ன ஊர்

கார்த்திகை மழையில், லண்டன் நோர்பரியில் பஸ்ஸுக்காக நின்றபோது நோர்வேயிலிருந்து சிக்ரிட் அழைத்தார். “தூரே இன்று காலை போய்விட்டார். உனக்கு நானே சொல்லவேண்டும் என்று நினைத்தேன்” என்றார். கணவரின் மரணத்தை அவ்வளவு நிதானமாகச் சொன்னார். வந்த பஸ்ஸில் நான் ஏறவில்லை.

நோர்வேயில் வாழ்ந்து பின் லண்டன் வந்த நம் தமிழ்க் குடும்பங்கள் பலவும் அவரை அறியும். நம் வீடுகளில் கையால் புட்டுக் குழைத்துச் சாப்பிட்ட அந்த நெட்டை மனிதரைப் பிள்ளைகள் மறந்திருக்க மாட்டார்கள். நோர்வேயின் வடகோடியில் மீன்பிடிக் குடும்பத்தில் பிறந்தவர். பாறைகளைப் படித்து, பனிமலைகளில் அலைந்து பேர் பெற்றார். நடுவயதில், மனிதர் வாழும் இடத்தையும் படிக்கும் புவியியலுக்கு வந்தார். “பாறை எங்கே விழும் என்று தெரிந்தால் போதாது. கீழே யார் குடியிருக்கிறார்கள் என்றும் தெரியவேண்டும்” என்பார்.

யாழ்ப்பாணத்தில் புவியியல் படித்துவிட்டு, நோர்வேயில் ஒரு மலையடி ஊரின் மீன் தொழிற்சாலையில் நான் வேலை செய்த காலம். அந்த ஊர் மண்டபத்தில் அவர் பேச வந்தார். “இப்படியான மலைக்குக் கீழே ஏன் வீடு கட்டினார்கள்?” என்று அரைகுறை நோர்வே மொழியில் கேட்டேன். “நல்ல தரை அங்கேதான் இருந்தது” என்று சிரித்தார். சில மாதங்களில் அவருடைய பல்கலைக்கழகத் துறையில் வரைபடம் வரையும் வேலை எனக்குக் கிடைத்தது.

அந்த ஊருக்கு மேலேயிருந்த மலையில் ஒரு விரிசல் அகன்றுகொண்டு வந்தது. தூரே எச்சரித்ததால் எல்லாரையும் வெளியேற்றினார்கள். இலையுதிர்காலம் முழுவதும் ஒரு கல்லும் விழவில்லை. ஊரார் ஏசினார்கள், பத்திரிகைகள் கேலி செய்தன. விரிசலின் அசைவும் நின்றுபோயிருந்தது. கடைசியில் தூரேயே, “திரும்பிப் போகலாம்” என்றார். வசந்தத்தில் பனி உருகியபோது மலையின் ஒரு பக்கம் சரிந்தது. ஆடுகளைப் பார்க்கப் போன ஒருவர் அதற்குள் அகப்பட்டார்.

செத்த வீட்டுக்கு அவரோடு நானும் போனேன். “நான்தான் திரும்பிப் போகச் சொன்னேன்” என்றார் தூரே. அந்த மனிதரின் மனைவி அவர் பக்கம் திரும்பினார். “நீங்கள் சொல்லாவிட்டாலும் அவர் போயிருப்பார். ஆடுகள் குட்டி போடும் காலம்” என்றார். ஆறுதலாகத்தான் சொன்னார். தூரே அதை ஏற்கவில்லை. அதன் பிறகு வந்த பெரிய பதவிகள் எதையும் அவர் எடுக்கவில்லை.

இந்த வருடம் சித்திரையில் ஒரு கருத்தரங்குக்காக லண்டன் வந்து எங்கள் வீட்டில் தங்கினார். என் தங்கை குடும்பம் போருக்குள் வன்னியில், கடலுக்கும் உப்புநீர்க் களப்புக்கும் இடையிலான அந்த மணல் துண்டில் அகப்பட்டிருந்தது. கிழமைக்கணக்காகத் தகவல் இல்லை. “மண்ணைப் பற்றித் தெரிஞ்ச ஆள்தானே, கேளுங்கோ. அங்கை குடிக்கத் தண்ணி இருக்குமோ?” என்றாள் என் மனைவி. கணினியில் அந்த இடத்தை அவர் உற்றுப் பார்த்தார்.

“தோண்டினால் முதலில் நல்ல தண்ணீர் வரும். இத்தனை பேர் இறைத்தால் உப்பாகிவிடும்.”

“அப்ப தப்பிடுவினமோ எண்டு கேளுங்கோ.”

நான் கேட்டேன். “எனக்குத் தெரியாது” என்றார். “எல்லாம் சரியாகிவிடும் என்று நான் சொல்லமாட்டேன்.”

மனைவி எழுந்து குசினிக்குள் போய்விட்டாள். ஒரு பொய்யாவது சொல்லக்கூடாதா என்று எனக்கு அவர்மேல் கோபம் வந்தது. ஆனால் மறுநாள் திரும்பவேண்டியவர் பயணத்தைத் தள்ளிப்போட்டார். டெலிபோனுக்குப் பக்கத்தில் எங்களோடு இருந்தார். பாராளுமன்றத்துக்கு எதிரே, போரை நிறுத்தச் சொல்லிக் கூடிய நம் சனங்களோடு, தனக்கு வாசிக்கத் தெரியாத தமிழ் அட்டையைப் பிடித்தபடி நின்றார். அப்போதே அவருக்கு உடம்பு சரியில்லை என்பது பின்னர்தான் எங்களுக்குத் தெரிந்தது.

ஆடியில் தங்கையின் குரல் அகதி முகாமிலிருந்து டெலிபோனில் வந்தது. அவளும் மகளும் உயிரோடு இருந்தார்கள். அவளுடைய கணவர் இல்லை. நோர்வேயில் ஆஸ்பத்திரியில் கிடந்த தூரேயிடம் டெலிபோனில் சொன்னேன். “அவளோடு இப்போது யார் இருக்கிறார்கள்?” என்றார். அதுவே நான் கேட்ட அவருடைய கடைசி வார்த்தை.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது இதுதான்: தெரியாததைத் தெரியாது என்று சொல்வது, சொல்லிவிட்டு எழுந்து போகாமல் இருப்பது. அது கடினம். போன ஞாயிறு, லண்டனில் மிச்சம் என்ற இடத்தில் ஒரு வீட்டில், “தம்பி, என்ர மகன் உயிரோட இருக்கிறானோ?” என்று, போரில் மகனைத் தொலைத்த ஒரு தாய் என் கையைப் பிடித்தார்.

“எனக்குத் தெரியாது அம்மா” என்றேன்.

அவர் கையை எடுத்துக்கொண்டார். நான் கதிரையை இழுத்து அவருக்குப் பக்கத்தில் போட்டு இருந்தேன்.