செத்த பிள்ளைக்குப் பேர் போடுகிற தோட்டம்

வியாழக்கிழமை, காலை ஐந்தரை மணி. கொழும்புக் கோட்டை ரயில் நிலையத்தில் மீனா என் கையில் ஒரு துணிப் பார்சலைத் திணித்தாள். "அம்மாகிட்டக் குடுங்க டீச்சர். நீங்க பிரிச்சிராதீங்க" என்றாள். மீனாவுக்கு இருபத்தேழு வயது. கொழும்பில் ஒரு துணிக்கடையில் வேலை. திருச்சியில் உட்கார்ந்து நான் எழுதுகிற பேய்க்கதைகளைக் கைப்பேசியில் படித்துவிட்டு, 'போன கதையில பேய் சரியில்ல டீச்சர்' என்று கூசாமல் எழுதிப் போடுகிற வாசகி. அவள் அனுப்பிய ஒரு செய்திதான் அறுபத்திரண்டு வயதில் என்னைக் கடல் தாண்ட வைத்தது: 'எங்க தோட்டத்துல செத்துப்போன பிள்ளை ஒன்னுக்கு நாப்பது வருசத்துக்கு மேல பேர் போடுறாங்க. வர்ற வெள்ளிக்கிழமையோட முடியுது. எனக்கு லீவு கிடைக்கல. நீங்களாச்சும் போயி எங்கம்மா பக்கத்துல நில்லுங்க.'

செத்த பிள்ளைக்குப் பெயர் சூட்டுவிழாவா, அதுவும் நாற்பது வருடமாகவா என்று நான் மண்டையை உடைத்துக்கொண்டேன். கேட்டதற்கு, அம்மா வாயால் கேட்டுக்கொள்ளுங்கள் என்றுவிட்டாள். நான் எழுதிய பேய்கள் முந்நூறு இருக்கும். எல்லாவற்றுக்கும் வெள்ளைப் புடவை, கொலுசுச் சத்தம், பழிக்குப் பழி. பள்ளிக்கூட வேலையிலிருந்து ஓய்வு பெற்றதோடு அந்தச் சரக்கும் தீர்ந்துபோயிருந்தது. ஆனது ஆகட்டும் என்று டிக்கெட் போட்டேன்.

ரயில் ஆறு மணிக்கு முன்பே கிளம்பிவிட்டது. நாவலப்பிட்டி தாண்டியதும் அதற்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. ஜன்னலுக்கு வெளியே தேயிலையும் அருவியும் மாறி மாறி வந்தன. ஸ்வெட்டர் போட்டிருந்தும் கை விறைத்தது. பதினொரு மணி வாக்கில் 'அட்டன்' என்ற பலகையைப் பார்த்ததும் எனக்கு ரத்தம் உறிஞ்சுகிற அட்டைதான் ஞாபகம் வந்தது. பேய்க்குப் பயப்படாதவள்தான் நான். அட்டை வேறு விஷயம்.

அட்டனிலிருந்து நோர்வூட்டுக்குப் பஸ். பதினாலு கிலோமீட்டர் சொன்னார்கள், நூற்றுப்பத்து ரூபாய் வாங்கினார்கள். பக்கத்து இருக்கையில் தேயிலை ஃபேக்டரியில் வேலை பார்த்து ஓய்ந்த ஒருவர். நான் பேய்க்கதை எழுதுகிறவள் என்று தெரிந்ததுதான் தாமதம், ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவுக்கும் ஒரு பேயை இறக்கிவிட்டார். ஃபேக்டரிச் சக்கரத்துக்குக் காவலாக ரோதைமுனி இருக்கிறாராம். ரோதை என்றால் சக்கரம். அவருக்குப் பூசை தப்பினால் மிஷின் நின்றுவிடும். செத்துப்போன வெள்ளைக்காரத் துரை ஒருவர் பழைய பங்களாப் பக்கம் இன்னும் நடக்கிறார். சுருட்டும் சாராயமும் வைத்தால் பேசாமல் போய்விடுவார். நான் போகிற தோட்டத்தின் பெயரைச் சொன்னதும் மனிதர் குரலைத் தாழ்த்தினார். "அங்கனயா? அங்க பெரட்டுல செத்த புள்ள பதில் சொல்லுமுங்க. எங்க பெரியப்பா சொல்லிருக்காரு." பெரட்டு என்பது காலையில் வேலைக்கு ஆள் சேர்த்துப் பெயர் கூப்பிடுகிற இடம். நான் அவர் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தேன். பயத்தில் இல்லை, கதை கிடைத்த சந்தோஷத்தில்.

பன்னிரண்டரை மணிக்கு நோர்வூட். மீனா சொல்லியிருந்தபடி ஹனீபா நானாவின் துணிக்கடைக்குப் போனேன். மீனாவின் அம்மா பெயரைச் சொல்வதற்குள், "சரசு வீட்டுக்குத்தானே? மீனா போன் பண்ணிச்சு" என்று உட்காரவைத்து, பால் இல்லாத பிளேண்டித் தேநீர் வரவழைத்துக் கொடுத்தார். பிறகு, ரொம்ப நாளாக யாரிடமாவது கேட்க நினைத்ததைக் கேட்கிறவர்போல முன்னால் சாய்ந்தார். சரசு வருசா வருசம் தை மாசம் வந்து, சின்னப் பிள்ளைக்குப் பாவாடை தைக்க ஒரு முழம் சிவப்புத் துணியும் ஆறு குட்டி வளையலும் வாங்கிப் போகிறாளாம்.

"இருவது வருசமா அதே அளவுங்க. அந்தப் புள்ள வளரவே இல்ல."

யாருக்கு என்று அவர் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை; மனுஷருக்கு ஆயிரம் இருக்கும் என்றார். பிளேண்டிக்குக் காசு வாங்கவில்லை. ஆட்டோவையும் அவரே கூப்பிட்டு, அறுநூறு ரூபாய்க்கு மேல் ஒரு சதம் கொடுக்காதீர்கள் என்று டிரைவர் எதிரிலேயே சொல்லி ஏற்றிவிட்டார்.

நாலு கிலோமீட்டர் மலைப்பாதை. மீனாவின் அம்மா இருப்பது பன்னிரண்டு வீடுகள் ஒட்டி நிற்கிற ஒரு லயம். ஐந்து மணிக்குத்தான் அவர் மலையிலிருந்து இறங்கினார். ஒல்லியான உடம்பு, இடுப்பில் நனைந்த படங்குச் சாக்கு. என்னைப் பார்த்ததும் முகத்தைப் பார்க்காமல் காலைப் பார்த்தார். குனிந்து என் கணுக்காலிலிருந்து எதையோ பிடுங்கி வெளியே எறிந்துவிட்டு, "வாங்க டீச்சர். அட்ட ஒங்கள மொதல்லயே விசாரிச்சிருச்சு" என்றார். பெட்டி படுக்கையோடு ஓடலாமா என்று ஒரு நிமிடம் யோசித்தேன்.

ரொட்டியும் மிளகாய் இடித்த கட்டைச் சம்பலும் கொடுத்தபிறகு கேட்டேன். செத்த பிள்ளைக்கு எதற்கு இன்னும் பேர் வைக்கிறார்கள்? அவர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். பேர் வைப்பது வேறு, பேர் போடுவது வேறாம். தோட்டத்தில் ஒரு நாள் வேலை கணக்கில் ஏறுவதுதான் 'பேர்'. சொன்ன கிலோ கொழுந்து எடுத்தால் முழுப்பேர் விழும், குறைந்தால் அரைப்பேர். முப்பது வருடத்துக்கு மேல் தமிழ் கற்பித்தவள் ஒரே வார்த்தையில் தடுக்கி விழுந்ததை நினைத்து நானும் சிரித்தேன். 'அப்படியென்றால் அந்தச் செத்த பிள்ளை?' என்றேன்.

"அது நாந்தான் டீச்சர்" என்றார்.

அவர் சொன்னதை என் நடையில் சொல்கிறேன். அவருடைய அப்பா அம்மாவுக்கு முதலில் பிறந்தவள் சரஸ்வதி. இரண்டு வயது நிரம்புமுன் காய்ச்சலில் போய்விட்டாள். கொஞ்ச நாளில் இவர் பிறந்தார். பாக்கியம் என்று பெயர் வைத்தார்கள். பிறப்பைப் பதிய டவுனுக்குப் போனால் அப்பாவுக்கு ஒரு பேர் போய்விடும். வீட்டில்தான் ஒரு பெண்பிள்ளைக்கு எழுதின பிறப்புப் பதிவுத் துண்டு சும்மா கிடக்கிறதே, அதுவே போதும் என்று விட்டுவிட்டார். ஸ்கூலில் சரஸ்வதி, அடையாள அட்டையில் சரஸ்வதி, கல்யாணப் பதிவில் சரஸ்வதி, பெரட்டில் சரஸ்வதி. பாக்கியம் என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தது அம்மா ஒருத்திதான். அவரும் போய்ப் பதினைந்து வருடமாகிறது. இப்போது லயமே சரசு என்கிறது. துண்டுப்படி நாளையோடு வயது அறுபது, வேலை முடிகிறது. உண்மை வயது ஐம்பத்தெட்டு.

அலமாரித் தட்டில் ஒரு தகரப்பெட்டி இருந்தது. இறக்கித் திறந்தார். உள்ளே சிவப்புப் பாவாடைகள், வளையல்கள், ஒரு சின்னச் சீப்பு. எங்கள் பக்கத்திலும் கன்னியாகச் செத்த பிள்ளைக்கு இப்படிப் பெட்டி வைத்துக் கும்பிடுவது உண்டு. நான் அந்தக் கன்னிகளையெல்லாம் கொலுசு கட்டி ரத்தம் குடிக்க வைத்தவள். வெட்கமாக இருந்தது.

"நான் தின்ன சோறு பூராவும் அக்கா பேருல தின்னதுதான். மீனாவ வளத்தது, இந்தக் கூரைத் தகரம், எல்லாம் அவ பேரு. ரெண்டு வயசுல செத்தவள அறுவது வயசு வரைக்கும் கொழுந்தெடுக்க வச்சிட்டேன் டீச்சர். கும்பிட்டுப் பேரத் திருப்பிக் குடுக்கணும். நாளைக்கு அவ பேருக்கு நான் பதில் சொல்லக் கூடாது. எம்பேரக் கூப்பிடணும். ஒரு தடவ போதும்."

அதைக் கணக்கப்பிள்ளையிடம் கேட்டாயிற்றா என்றேன். கேட்டிருந்தார். பதில் வரவில்லை. ஆறு மணிக்கு அந்தக் கணக்கப்பிள்ளையே லயத்து வாசலில் வந்து நின்றார். பெரட்டில் பெயர் கூப்பிடுகிறவர் அவர்தான், முப்பத்தைந்து வயதிருக்கும். செருப்பைக் கழற்றாமலே பேசினார். பதில் சொல்லாவிட்டால் கடைசி நாள் பேர் விழாது. புத்தகத்தில் இல்லாத பெயரைக் கூப்பிட்டால் மேலே இருக்கிறவர்கள் தன்னைக் கேட்பார்கள். "பேசாம வந்திருக்கேன்னு சொல்லிட்டு மால போட்டுக்கிட்டு வாங்கக்கா" என்றார். கோபமாகச் சொல்லவில்லை; சங்கடமாகச் சொன்னார். அவர் போனபிறகு பாக்கியம் பெட்டிக்கு முன்னால் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

அப்போதுதான் எனக்குப் பார்சல் ஞாபகம் வந்தது. அவரிடம் கொடுத்தேன். பிரித்தால் இரண்டு சேலைகள். ஒன்று மஞ்சள், ஒன்று பச்சை. கூடவே மீனாவின் கையெழுத்தில் ஒரு துண்டுச் சீட்டு. கண்ணாடி இல்லாமல் தெரியாது என்று பாக்கியம் என்னிடம் நீட்டினார். 'மஞ்சள் அம்மாவுக்கு. பச்சை பெரியம்மாவுக்கு. அவங்களும்தானே ரிட்டயர் ஆகுறாங்க, இன்னும் எதுக்குப் பாவாடை?' வாய்விட்டுப் படித்துக் காட்டினேன். பாக்கியம் பச்சைச் சேலையை மடித்து மடித்துப் பெட்டிக்குள் வைத்தார். மூடி மூடவில்லை. "ஐயோ, வளந்துட்டாளே" என்று சிரித்துக்கொண்டே அழுதார். மூடாத பெட்டியையே தட்டில் ஏற்றி விளக்கு வைத்தோம்.

வெள்ளிக்கிழமை, காலை ஆறே முக்கால். பெரட்டுக்களத்தில் பனிப்புகை, ஐம்பது பெண்கள் இருப்பார்கள். பாக்கியம் மஞ்சள் சேலையின் மேல் படங்கைக் கட்டியிருந்தார். நான் மீனாவுக்கு வாக்குக் கொடுத்தபடி பக்கத்தில் நின்றேன். கணக்கப்பிள்ளை புத்தகத்தைத் திறந்து கூப்பிட ஆரம்பித்தார். ஒவ்வொரு பெயருக்கும் 'வந்திருக்கேன்' வந்தது.

"சரஸ்வதி."

பாக்கியம் வாயை இறுக மூடிக்கொண்டு, இரண்டு கையையும் கூப்பினார். திரும்பிப் பார்த்த பெண்களில் வயதான நாலைந்து பேருக்கு விஷயம் தெரிந்திருக்க வேண்டும், அவர்களும் கும்பிட்டார்கள். ஒரு சமயம் பள்ளிக்கூடத்தில், பாதி வருடத்தில் இறந்துபோன ஒரு மாணவியின் பெயரை நான் தவறிப்போய்க் கூப்பிட்டிருக்கிறேன். அந்த மௌனத்துக்குப் பிறகு நான் கேட்ட மௌனம் இதுதான். கணக்கப்பிள்ளை இரண்டாம் தடவை கூப்பிடவில்லை. தலையைக் குனிந்து கொஞ்சம் நின்றுவிட்டு அடுத்த பெயருக்குப் போனார்.

கடைசிப் பெயர் முடிந்தது. புத்தகத்தை மூடி அக்குளில் வைத்துக்கொண்டார். அவ்வளவுதான் போலிருக்கிறது என்று நான் நினைத்தபோது, மூடிய புத்தகத்தோடு நிமிர்ந்து, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "பாக்கியம்" என்றார்.

நான் பக்கத்தில் பார்த்தால், இந்த அம்மாள் கழுத்தை நீட்டி, யாரப்பா அந்தப் பாக்கியம் என்று கூட்டத்தைத் தேடிக்கொண்டிருக்கிறார்! காது மறந்த பெயர். நான் முழங்கையால் ஒரு இடி இடித்தேன். அவர் என்னைப் பார்த்தார், கணக்கப்பிள்ளையைப் பார்த்தார்.

"ஆங்… நாந்தான். வந்திருக்கேன்."

பெண்கள் சிரித்தார்கள், சிரித்தவர்களே கண்ணையும் துடைத்தார்கள். கணக்கப்பிள்ளை, "சரிக்கா, மலைக்குப் போங்க" என்று சொல்லிவிட்டு வேகமாகத் திரும்பிக்கொண்டார். அன்றைக்குப் பேர் விழுந்ததா என்று பாக்கியம் கேட்கவில்லை. மாலை போடுகிறோம் என்று மற்றவர்கள் தடுத்தும் கேட்காமல் கூட்டத்தோடு மலை ஏறினார். ஒரு நாளாவது தன் பெயரில் கொழுந்தெடுக்க வேண்டுமாம்.

பத்து மணிக்கு அதே ஆட்டோவில் இறங்கினேன். எங்கள் பள்ளிக்கூடத்தில் அந்த மாணவியின் பெயரை மறுநாளே சிவப்பு மையால் அடித்துவிட்டு அடுத்த எண்ணுக்குப் போனவள் நான். திருச்சிக்கு வந்து ஒரு மாதமாகிறது. அவள் பெயரைத் தினமும் ஒரு தடவை வாய்விட்டுச் சொல்கிறேன். பேய்க்கதையில் பேய்க்கு நன்றி சொல்லலாம் என்று எனக்குக் கற்றுக்கொடுத்த அந்த லயத்துக்கு நான் கடன்பட்டவள். யாருக்கும் தொந்தரவு வரக்கூடாது என்று தோட்டத்தின் பெயரை எழுதவில்லை. ஆட்களின் பெயர்களையும் மாற்றியிருக்கிறேன். இதை மீனாவின் அம்மாவிடம் போனில் சொன்னபோது அவர் குறுக்கிட்டார்.

"எம்பேர மட்டும் மாத்திராதீங்க டீச்சர். இப்பத்தான் கெடச்சிருக்கு."

மாற்றவில்லை. அவர் பெயர் பாக்கியம்.